தபால்காரி பற்றிய ஐந்து முடிவுகள்

நவம்பர் 4, திங்கள்

சென்ற வருட டைரியில் எழுதாமல் விட்ட பக்கங்கள் பாதிக்கு மேல் இருக்கின்றன. கிழமைகளை அடித்துத் திருத்திக்கொண்டால் போதும். வீணாக்குவானேன்.

புதிய தூதர் வந்து இன்றோடு ஐந்து நாள். அவரைப் பற்றி நான் வந்தடைந்த முடிவுகளை முதலில் வரிசைப்படுத்துகிறேன். சான்றுகள் கிடைக்கக் கிடைக்கக் கீழே சேரும்.

1. சட்டமன்றத்தில் கத்திப் பழகியவர் தூதராக முடியாது.
2. ஹெர்மினியா சால்தீவார் அம்மையாரை அவருடைய நாடு இங்கே அனுப்பவில்லை, அங்கிருந்து அப்புறப்படுத்தியிருக்கிறது.
3. அவருக்கு நாசூக்கு தெரியாது.
4. மொழிபெயர்ப்பாளனின் வேலை சொன்னதை அப்படியே சொல்வது அல்ல. சொன்னவரையும் கேட்பவரையும் அந்தச் சொல்லிலிருந்து காப்பாற்றுவது.
5. ஆறு மாதத்துக்குள் அவர் மூட்டை கட்டுவார்.

நான்காவது அவரைப் பற்றியது அல்ல, என்னைப் பற்றியது என்று இப்போது படிக்கும்போது தெரிகிறது. இருக்கட்டும். எடுத்துவிட்டால் எண்கள் மாறும்.

எந்த நாட்டுத் தூதரகம் என்று எழுத மாட்டேன். 1992இல் சேர்ந்தபோது இரகசியம் காப்பதாக ஒரு தாளில் கையெழுத்திட்டேன். அந்தத் தாளை இதுவரை யாரும் தேடியதில்லை, நான் மறக்கவுமில்லை. தென் அமெரிக்காவில் ஒரு நாடு, அதில் ஒரு பெரிய ஆறு, தில்லி வசந்த் விஹாரில் வாடகை பங்களாவில் அதன் தூதரகம். இவ்வளவு போதும். எழுதுகிறவன் யார் என்பதும் ஒரு குறிப்பேட்டில் இருக்க வேண்டும்: தாணுலிங்கம், வயது எழுபத்தொன்று, சொந்த ஊர் நாகர்கோவில், ஸ்பானிஷ் எம்.ஏ., முதல் வகுப்பு. தூதரகத்தின் அங்கீகாரம் பெற்ற மொழிபெயர்ப்பாளன். ஓய்வுக்குப் பிறகும் வருடா வருடம் மார்ச் 31இல் ஒப்பந்தத்தைப் புதுப்பிக்கிறார்கள். இதுவரை புதுப்பித்திருக்கிறார்கள்.

நவம்பர் 7, வியாழன்

தூதரின் வாழ்க்கைக் குறிப்பு ஆங்கிலத்தில் இரண்டு பக்கம் வேண்டும் என்று ரிவேரோ கேட்டிருக்கிறார். ரிவேரோ முதல் செயலர். தொழில்முறை ராஜதந்திரி. எட்டு வருடப் பழக்கத்தில் அவர் குரல் உயர்ந்து நான் கேட்டதில்லை. என்னை "செஞோர் தாணுலிங்கம்" என்று முழுப் பெயரும் சொல்லித்தான் அழைப்பார். அம்மையார் முதல் நாளே "தோன் தாணு" என்றார். அவர்கள் ஊரில் பெட்டிக்கடைப் பெரியவரை அப்படித்தான் கூப்பிடுவார்களாம்.

குறிப்புக்காகக் கீழறையிலிருந்து அவர்களுடைய அவை நடவடிக்கைத் தொகுதிகளை எடுத்து மூன்று நாளாகப் படித்தேன். தந்தை ஆற்றுப் படகுத்துறையில் டிக்கெட் கிழித்தவர். மகள் தடுப்பூசிப் பெட்டியோடு படகில் ஊர் ஊராகப் போன நர்ஸ். முப்பத்து மூன்று வயதில் கீழவை உறுப்பினர், பிறகு மேலவை. பதினைந்து வருடத்தில் 412 முறை பேசியிருக்கிறார். நான் எண்ணிப் பார்த்தேன்: அதில் 290 முறை அவர் பேசவே இல்லை. தொகுதியிலிருந்து வந்த கடிதங்களைத் தொடக்கத்திலிருந்து முடிவுவரை வாசித்திருக்கிறார். ஆடு காணாமல் போனது, கிணற்றில் மண்ணெண்ணெய் வாடை, வாத்தியார் வரவில்லை. அவைத்தலைவர் மணியடிப்பதும் "உறுப்பினர் சுருக்க வேண்டும்" என்பதும் பதிவாகியிருக்கின்றன. அவர் சுருக்கவில்லை என்பதும் பதிவாகியிருக்கிறது. சொந்தமாகச் சொல்ல ஒன்றும் இல்லாதவர் வேறு என்ன செய்வார்? சக உறுப்பினர்கள் அவருக்குத் தபால்காரி என்று பெயர் வைத்திருந்தார்கள். பொருத்தமான பெயர்.

போன வருடம் தன் கட்சியே கொண்டுவந்த துறைமுக மசோதாவை எதிர்த்து வாக்களித்தார். அடுத்த மாதமே தூதர் பதவி வந்துவிட்டது. உலக உருண்டையில் அவர்கள் தலைநகரில் கம்பியைக் குத்தினால் கிட்டத்தட்ட நம் பக்கம் வந்துதான் வெளியே எட்டிப் பார்க்கும். இதைவிடத் தூரம் கட்சிக்குக் கிடைக்கவில்லை போலும். முடிவு 2க்குச் சான்று போதும்.

குறிப்பில் "மக்களின் குரலை அவையில் ஒலிக்கச் செய்தவர்" என்று எழுதினேன். ரிவேரோ படித்துவிட்டு, "உங்கள் கையில் எல்லாமே அழகாகிவிடுகிறது" என்றார்.

நவம்பர் 14, வியாழன்

ஜனாதிபதியிடம் நியமனப் பத்திரம் கொடுக்கும் சடங்கு நேற்று முடிந்தது. அம்மையார் அணிவகுப்புக் குதிரைக்காரரிடம் பூட்ஸ் கடிக்கிறதா என்று கேட்டார். நான் அதை "உங்கள் மிடுக்கு பாராட்டத்தக்கது" என்று இந்தியில் சொன்னேன். அவர் மகிழ்ந்தார்.

பகல் விருந்தில் ஒரு வர்த்தக அதிகாரி பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். அம்மையார் அவரிடம் சொன்னதை எழுத்துத் தமிழில் எழுதினால் இல்லாத கௌரவத்தைக் கொடுத்ததாகும். ஆகவே அது ஒலித்தபடி: "நாங்க உங்ககிட்ட மருந்து வாங்குறோம், மோட்டார் சைக்கிள் வாங்குறோம். நீங்க எங்ககிட்ட என்ன வாங்குறீங்க? சிரிப்பு மட்டும்தான்." நான், இரு நாட்டு வணிகத்தில் இன்னும் திறக்காத கதவுகள் பல உண்டு என்று தூதர் கருதுவதாகச் சொன்னேன். அதிகாரி சிரித்தார். அம்மையார் அவரையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தார்.

முப்பத்திரண்டு வருடமாக இப்படித்தான் செய்கிறேன். ஆறு தூதர்கள் என்னால் நல்ல பெயரோடு ஊர் திரும்பினார்கள். அவர்களில் ஒருவருக்கும் அது தெரியாது.

நவம்பர் 20, புதன்

இனிமேல் புதன்கிழமைதோறும் கதவு திறந்திருக்குமாம். யார் வேண்டுமானாலும் வந்து எது வேண்டுமானாலும் சொல்லலாமாம். தொகுதி அலுவலகம் வைத்திருந்தவருக்கு வேறு எதுவும் தோன்றாது. நடைவழியில் தானே நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டார். ஒரு கோப்பைப் பிரித்து அதன்மேல் ஆரஞ்சு உரித்தார். கோப்பில் சாறு. முடிவு 3.

வந்தவர்கள்: விசா நிராகரிக்கப்பட்ட மாணவன் ஒருவன், கம்பள வியாபாரி, அந்த நாட்டில் ஒரு பறவையைப் பார்த்தே தீர வேண்டும் என்ற ஓய்வுபெற்ற ரயில்வேக்காரர். எல்லோருக்கும் நான் நடுவில் உட்கார வேண்டும். ரயில்வேக்காரருக்கு மட்டும் நாற்பது நிமிடம். பறவையின் படத்தை அம்மையார் தன் கைப்பையில் வைத்துக்கொண்டார்.

நவம்பர் 25, திங்கள்

என் மனைவி உலகம்மையின் ஓய்வூதியத்துக்கு உயிர்ச் சான்றிதழ் கொடுக்க வங்கிக்குப் போனோம். உயிரோடு இருப்பதாக ஒப்புக்கொண்டார்கள்.

டிசம்பர் 11, புதன்

கூட்டம் இல்லாததால் அம்மையாருக்குப் பொழுது போகவில்லை. பதில் போகாத பழைய மனுக்கள் எத்தனை என்று என்னிடம் கேட்டார். எல்லாவற்றுக்கும் பதில் போயிருக்கிறது என்றேன். இது உண்மை. "பதில் போச்சா, இல்ல ரசீது போச்சா?" என்றார். வித்தியாசம் புரியவில்லை என்றேன்.

மாலையில் கீழறை அலமாரியை ஒழுங்குபடுத்தினேன். ஒரு கோப்பு கைக்கெட்டும் தட்டில் அநாவசியமாக இடத்தை அடைத்துக்கொண்டிருந்தது. மேல்தட்டில் வைத்தேன்.

டிசம்பர் 12, வியாழன்

மேல்தட்டில் தூசி அதிகம். இன்றும் தும்மல்.

ஜனவரி 8, புதன்

விரிவாக எழுத வேண்டும். வரிசை கெடாமல் எழுத முயல்கிறேன்.

காலை பதினொரு மணிக்குப் பிரகாசி வந்தாள். குளச்சல் பக்கத்துக் கடற்கரைக்காரி, மீன் விற்பவள், ஐம்பத்தைந்து வயதிருக்கும். தூதரகத்துக்கு அவள் வருவது இது மூன்றாம் முறை. நாகர்கோவிலில் ரயிலேறி இரண்டு இரவு. மேலே யாரோ கன்னியாஸ்திரீ கொடுத்த ஸ்வெட்டர், காலில் ரப்பர் செருப்பு. முன்பு இரண்டு முறையும் தூதர்கள் அவளைப் பார்க்கவில்லை. நான்தான் வரவேற்பறையில் உட்கார வைத்து டீ கொடுத்து, ஆவன செய்யப்படும் என்று சொல்லி அனுப்பினேன். அதனால் என்மேல் அவளுக்கு மரியாதை அதிகம். இந்த முறை முந்திரிக்கொத்து செய்து டப்பாவில் கொண்டுவந்திருந்தாள்.

"சாருக்கு நம்ம ஊருப் பலகாரம் இங்க கிட்டாது பாத்துக்கிடுங்க. முட்ட ஒண்ணும் சேக்கல, தைரியமாத் திங்கலாம்" என்றாள்.

விஷயம் இதுதான். அவள் மகன் ததேயுஸ், கப்பலில் சமையல் உதவியாள். அந்த நாட்டுத் துறைமுகத்துக்கு விமானத்தில் போய்க் கப்பலேறிய மறுநாள், சரக்கில் போதைப்பொருள் பிடிபட்டது. மற்றவர்களோடு அவனையும் சிறையில் போட்டார்கள். ஏஜெண்ட் கடையை மூடிவிட்டு ஓடிவிட்டான். பன்னிரண்டு வருடத் தண்டனை. போன நவம்பரோடு அவளுடைய முதல் மனு வந்து மூன்று வருடம் ஆகிவிட்டது.

அவள் பேசினாள். அழவில்லை, மீன் விலை சொல்கிற வேகத்தில் சொன்னாள். முடிந்ததும் நான் ஸ்பானிஷில் சுருக்கிச் சொன்னேன்: மகன் சிறையில் இருக்கிறான், தாய் ஏழை, கருணை காட்ட வேண்டுகிறாள்.

அம்மையார் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தார்.

"தோன் தாணு, அவங்க நாலு நிமிஷம் பேசினாங்க. நீங்க கால் நிமிஷம். மிச்சம் எங்க?"

தமிழில் திரும்பத் திரும்பச் சொல்லும் வழக்கம் உண்டு என்றேன்.

"லெஸ்கானோ யாரு?"

நான் பதில் சொல்வதற்குள், "எனக்குத் தமிழ் தெரியாது. ஆனா லெஸ்கானோங்கிறது எங்க ஊர்ப் பேரு. அவங்க மூணு தடவை சொன்னாங்க. உங்க வாயில ஒரு தடவைகூட வரல" என்றார்.

ஒரு துறைமுக அதிகாரி என்று நினைக்கிறேன் என்றேன். "நினைக்க வேணாம்" என்றார். பிறகு ஒரு விதி வைத்தார். ஆற்றோரப் பழங்குடிகளோடு பேசும்போது அப்படித்தான் செய்வாராம். பிரகாசி ஒரு வாக்கியம் சொல்லிவிட்டுக் கையைத் தூக்க வேண்டும். நான் சொல்லி முடிக்கும்வரை அவள் கையை இறக்கக் கூடாது. எழுபத்தொரு வயதில், முதல் வகுப்பு வாங்கியவனுக்கு இந்தப் பள்ளிக்கூடம். ஒரு மணி பத்து நிமிடம் நடந்தது. அவளுக்குக் கை வலித்திருக்கும். மாற்றிக்கூடத் தூக்கவில்லை.

அவள் சொன்னது: "எனக்க மவனுக்க பாஸ்போர்ட்டை அந்த லெஸ்கானோ பிடுங்கி மேசைக்குள்ள போட்டுப் பூட்டினான். அதுல அவன் வந்து எறங்கின தேதி முத்திர இருக்கு. சரக்கு ஏத்தினது அதுக்கு அஞ்சு நாள் முந்தி. அந்தப் புக்கு வெளிய வந்தா அவன் வெளிய வந்துருவான்."

அடுத்து கோப்பைக் கேட்டார். மேல்தட்டில் நானே வைத்திருந்ததால் உடனே கிடைத்தது. அவளுடைய முதல் மனு, தமிழில் நான்கு பக்கம். என் மொழிபெயர்ப்பு பத்தொன்பது வரி. அம்மையார் மூலத்தைப் பிரகாசி முன்னால் விரித்து, அந்தப் பெயர் இருக்கும் இடத்தில் விரல் வைக்கச் சொன்னார். அவள் எழுத்துக் கூட்டி எழுத்துக் கூட்டித் தேடினாள். மூன்று இடங்களில் வைத்தாள். அம்மையார் மூன்றையும் சிவப்பு மையால் வட்டமிட்டார். என் பத்தொன்பது வரியில் வட்டமிட ஒன்றும் இல்லை. "சில ஆவணங்கள் உரிய அதிகாரிகளின் பாதுகாப்பில் இருக்கக்கூடும் என அறியப்படுகிறது" என்ற வரி இருந்தது. நல்ல வரி. ஒரு நாட்டின் அதிகாரியை அந்த நாட்டின் தூதரிடமே குற்றம் சொல்லும் மனு குப்பைக்குத்தான் போகும். அவளுக்காகத்தான் அப்படி எழுதினேன்.

இதையெல்லாம் ஸ்பானிஷில்தான் பேசினோம். பிரகாசிக்குப் புரிந்திருக்காது. போகும்போது, "சாரே, உங்களுக்குத்தான் கஷ்டம், தொண்ட வத்திப் போச்சு" என்றாள்.

ஜனவரி 9, வியாழன்

நான்கு பக்கத்தையும் புதிதாக மொழிபெயர்த்தேன். ஒன்பது பக்கம் வந்தது. நயம் சிறிதும் இல்லை. முத்திரையிட்டுக் கொடுத்தேன்.

ஜனவரி 10, வெள்ளி

"பிடுங்கி" என்பதை "பெற்றுக்கொண்டு" என்று எழுதியிருந்தது காலையில் பஸ்ஸில் நினைவு வந்தது. அம்மையாருக்கு அது தெரிய வழியே இல்லை. திருத்திப் புதிய தாள் கொடுத்தேன். பிழை பிழைதானே, வேறு காரணம் இல்லை.

ஜனவரி 14, செவ்வாய்

பொங்கல். கரும்பு கிடைத்தது, மஞ்சள் கொத்து கிடைக்கவில்லை. முந்திரிக்கொத்து இன்னும் நான்கு இருக்கிறது. உலகம்மைதான் தின்கிறாள். எனக்கு இனிப்பு ஒத்துக்கொள்வதில்லை.

ஜனவரி 30, வியாழன்

அம்மையார் தன் வேலையைக் காட்டிவிட்டார். மனுவை அவர்கள் நாட்டு வெளியுறவு அமைச்சகம் வழியாக அனுப்புவதே முறை. அனுப்பினார். "கவனத்தில் கொள்ளப்பட்டது" என்று பதில் வந்தது. முறையான பதில். அத்தோடு நில்லாமல், மேலவையில் இன்னும் இருக்கும் பழைய தோழி ஒருத்திக்கு ஒரு பிரதி அனுப்பியிருக்கிறார். அந்தப் பெண்மணி செவ்வாய்க்கிழமை அவையில் எழுந்து ஒன்பது பக்கத்தையும் வாசித்திருக்கிறார். அவைத்தலைவர் மணியடித்திருக்கிறார். அவர்கள் ஊர்ப் பத்திரிகையில் தலைப்பு: "தபால்காரி திரும்பினாள்." லெஸ்கானோ துறைமுக அமைச்சரின் மைத்துனனாம். துறைமுக மசோதா யாருக்காக வந்தது என்று இப்போது புரிகிறது. ஆக, இது கருணை அல்ல, பழைய கணக்கு. அரசியல்வாதி ஆரஞ்சு உரித்தாலும் அதில் அரசியல்தான் இருக்கும்.

ரிவேரோ நாள் முழுவதும் அறைக் கதவைச் சாத்தியே வைத்திருந்தார்.

பிப்ரவரி 14, வெள்ளி

ரிவேரோ என்னைக் காபிக்கு அழைத்தார். எட்டு வருடத்தில் முதல் முறை. வெளியே, கான் மார்க்கெட்டில்.

அமைச்சகம் ஒரு கேள்வி அனுப்பியிருக்கிறது. ஒரே மனுவுக்கு இரண்டு மொழிபெயர்ப்புகள், இரண்டிலும் என் முத்திரை. மூன்று வருடத்துக்கு முந்தியதில் லெஸ்கானோ இல்லை. இந்த வருடத்தியதில் மூன்று இடத்தில் இருக்கிறார். எது சரி? அந்தத் தலைநகரில் தமிழ் படிக்கத் தெரிந்தவர் ஒருவரும் இல்லை. அங்கீகாரம் பெற்றவன் சொல்வதே முடிவு.

பழையதுதான் சரி என்றும், புதியது தூதர் வற்புறுத்தியதால் மிகைப்படுத்தி எழுதப்பட்டது என்றும் நான் ஒரு அறிக்கை கொடுத்தால் போதும் என்றார் ரிவேரோ. அப்படிக் கொடுத்தால் மனு தள்ளுபடி, தூதர் பொய்யர், விவகாரம் முடிந்தது. என் ஒப்பந்தம் இரண்டு வருடத்துக்குப் புதுப்பிக்கப்படும். புதியதுதான் சரி என்று நான் சொன்னால், மூன்று வருடம் முன்பு முத்திரையிட்டது என்ன என்ற கேள்வி வரும். "அதற்கு உங்களிடம் அழகான பதில் இருக்காது, செஞோர் தாணுலிங்கம்" என்றார். குரல் உயரவே இல்லை. திங்கட்கிழமை தேவையாம்.

பிப்ரவரி 15, சனி

வரைவு எழுதினேன். ஒரு பக்கம். "வற்புறுத்தல்" என்று எங்கும் சொல்லாமலே அதை உணர்த்திவிட்டேன். ரிவேரோ ரசிப்பார். எழுதி முடித்ததும், முப்பத்திரண்டு வருடத்தில் நான் எழுதிய மிகச் சிறந்த ஸ்பானிஷ் இதுதான் என்று பட்டது. சொன்னால் சிரிப்பார்கள், இரண்டு முறை வாய்விட்டு வாசித்தேன்.

பிப்ரவரி 16, ஞாயிறு

கேஸ் சிலிண்டர் வந்தது. இரத்த அழுத்த மாத்திரை வாங்கினேன்.

உலகம்மை முந்திரிக்கொத்து டப்பாவைக் கழுவி வைத்திருந்தாள். வெறும் டப்பாவாகத் திருப்பிக் கொடுக்கக் கூடாது, ஏதாவது போட்டு அனுப்ப வேண்டும், விலாசம் என்ன என்று கேட்டாள். விலாசம் கோப்பில் இருக்கிறது, இப்போது வேண்டாம் என்றேன். ஏன் என்றாள். வரைவைப் பற்றிப் பொதுவாகச் சொன்னேன். அவள் முப்பது வருடம் பள்ளிக்கூடத்தில் விடைத்தாள் திருத்தியவள். பொதுவாகச் சொன்னால் விடமாட்டாள். முழுக்கக் கேட்டாள்.

"அந்தப் பொம்பள நாலு பக்கம் எழுதினதுல எந்த வரி முக்கியம்னு உங்களுக்கு அப்பமே தெரியும்லா?"

தெரியும் என்றேன்.

"அதான் அத மட்டும் எடுத்திருக்கீங்க. தெரியாதவன் எடுத்திருந்தா வேற எதையாவது எடுத்திருப்பான்."

டப்பாவைத் துடைத்துக்கொண்டே உள்ளே போய்விட்டாள். வாத்தியார்களுக்கு எதையும் சுருக்கிச் சொல்லும் பழக்கம். அது நியாயமே ஆகாது. டிபன் நேரம் தவறிவிட்டது.

பிப்ரவரி 17, திங்கள்

காலை 10.20க்கு ரிவேரோவிடம் அறிக்கை கொடுத்தேன். சனிக்கிழமை வரைவை விடச் சுருக்கம். இரண்டு வாக்கியம். அவருக்கு நடை பிடிக்கவில்லை. படித்துவிட்டுத் தாளை இழுப்பறையில் வைத்தார். பிறகு என்னை எந்தப் பெயரும் சொல்லி அழைக்கவில்லை.

முத்திரை சற்றுச் சாய்ந்துவிட்டது.

மார்ச் 5, புதன்

பாஸ்போர்ட் கிடைத்துவிட்டதாம். லெஸ்கானோவின் மேசையில் இல்லை, வீட்டில். உள்ளே தேதி முத்திரை. பத்தொன்பது பாஸ்போர்ட்டுகளுக்கு நடுவில் இருந்ததாம்.

அம்மையாரைத் திரும்ப அழைக்கும் உத்தரவும் இதே தூதரகத் தபால் பையில் வந்தது. துறைமுக அமைச்சர் பதவி விலகுவதற்கு முன் கடைசியாகச் சாதித்தது அதுதான் என்கிறார்கள். முடிவு 5. நான் சொன்னேன் அல்லவா.

மார்ச் 19, புதன்

ததேயுஸ் விடுதலை. அம்மையார் நடைவழி நாற்காலியில் உட்கார்ந்து வழக்கம்போல ஆரஞ்சு உரித்தார். எனக்கும் ஒரு சுளை நீட்டினார். கோப்பின்மேல் சிந்தாமல் தின்றேன்.

மார்ச் 28, வெள்ளி

என் கடைசி வேலைநாள். திங்கட்கிழமையோடு ஒப்பந்தம் முடிகிறது. புதுப்பிக்கும் எண்ணம் இல்லை என்ற கடிதத்தை ரிவேரோ மேசைமேல் வைத்திருந்தார். என் பெயரைச் சரியாக எழுதியிருந்தார். அகராதிகள் நான்கு, கண்ணாடி உறை, குரங்குத் தொப்பி ஆகியவற்றைப் பையில் வைத்தேன்.

பன்னிரண்டு மணிக்குப் பிரகாசி போன் செய்தாள். மகன் முந்தாநாள் திருவனந்தபுரத்தில் வந்து இறங்கிவிட்டான். அந்தம்மாவிடம் பேச வேண்டும் என்றாள். அம்மையார் ஒலிபெருக்கிப் பொத்தானை அழுத்தி, கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டார்.

பிரகாசி நிறையச் சொன்னாள். ததேயுஸுக்கு ஒரு பல் போய்விட்டது. மீன் குழம்பு தின்றுவிட்டு இரண்டு நாளாகத் தூங்குகிறான். மாதா கோவிலில் அம்மையார் பெயரில் பூசை சொல்லியிருக்கிறாள், பெயர் சொல்ல வராததால் பாதிரியார் "தில்லி அம்மா" என்று சொன்னார். லெஸ்கானோவின் கை விளங்காமல் போக வேண்டும். எல்லாவற்றையும் சொன்னேன். கை விளங்காமல் போவதையும் சொன்னேன். அம்மையார் தலையாட்டினார்.

பிறகு பிரகாசி சொன்னாள்: "ஒண்ணு மட்டும் கேளுங்க சாரே. நான் மொத மனுவுலயே எல்லாம் எழுதினேம்லா. இந்தம்மா ரெண்டு மாசத்துல முடிச்சிட்டாவ. பின்ன மூணு வருசம் ஏன் ஆச்சு? முன்ன இருந்தவிய வாசிக்கலியா?"

நான் அதை ஸ்பானிஷில் சொன்னேன். ஒரு சொல்லும் விடவில்லை.

அம்மையார் ரிசீவரை எடுத்து என்னிடம் நீட்டினார். "இந்தத் தபால் எனக்கு வரல, தோன் தாணு. உங்களுக்கு வந்திருக்கு."

வாங்கிக்கொண்டேன். லெஸ்கானோவின் பெயரை முதல் மொழிபெயர்ப்பில் நான் எழுதவில்லை என்றும், பாஸ்போர்ட் பிடுங்கிய வரியையும் நானே எடுத்துவிட்டேன் என்றும் சொன்னேன். ஆகவே முன்பிருந்தவர்கள் அதை வாசித்திருக்க முடியாது என்றும் சொன்னேன். இரண்டு வாக்கியத்தில் ரிவேரோவுக்கு எழுதிக் கொடுத்தது தமிழில் சொல்லும்போது நீளமாக இருந்தது.

போனில், அவளுக்குப் பின்னால் ஒரு சேவல் கூவியது.

"என்னத்துக்கு சாரே?"

நன்றாக இருக்காது என்று நினைத்தேன் என்றேன்.

"போனை அந்தம்மாகிட்ட குடுங்க."

அவர்களுக்குத் தமிழ் தெரியாதே என்றேன்.

"எனக்கும்தான் அவிய பாஷ தெரியாது. குடுங்க."

கொடுத்தேன். அம்மையார் ஒலிபெருக்கியை அணைத்துவிட்டுக் காதில் வைத்துக்கொண்டார். பிரகாசி பேசினாள். அம்மையார் "ஸீ" என்றார், "ஸீ, செஞோரா" என்றார், கடிகாரத்தைப் பார்க்கவில்லை. நான் பார்த்தேன். ஆறு நிமிடம். மொழிபெயர்க்கும்படி யாரும் கேட்கவில்லை. நான் பையை எடுத்துக்கொண்டு வாசலில் நின்றேன்.

ஏப்ரல் 3, வியாழன்

அம்மையாரின் விமானம் நேற்று. வழியனுப்பப் போகவில்லை, கூப்பிடவும் இல்லை. டப்பாவில் உலகம்மை அதிரசம் போட்டுக் குளச்சலுக்கு அனுப்பியிருக்கிறாள். அனுப்புநர் பெயர் அவளுடையது.

முடிவுகளைச் சரிபார்த்தேன்.

1. சரி. தூதராக அவர் நாட்டுக்கு ஒரு வர்த்தக ஒப்பந்தமும் கொண்டுவரவில்லை. ஒரு அமைச்சரைக் காலி செய்தார்.
2. சரி. இப்போது எங்கே அப்புறப்படுத்துவார்கள் என்று தெரியவில்லை. மறுபடி தேர்தலில் நிற்கப் போவதாகக் கேள்வி. பிழைக்கத் தெரியாதவர்.
3. சரி. கோப்புகளில் ஆரஞ்சுக் கறை இன்னும் இருக்கிறது.
5. சரி. ஒரு மாதம் மிச்சமிருக்க.

நான்காவதை அடித்துவிடலாம் என்று பேனாவை எடுத்தேன். கிழமைகளை அடித்ததுபோல அடித்தால் அடியில் என்ன இருந்தது என்று தெரியாமல் போகும். அப்படியே இருக்கட்டும். முதல் மனு என் கைக்கு வந்ததிலிருந்து அந்தப் பெயரை நான் எழுதிய நாள்வரை மூன்று வருடம், இரண்டு மாதம். அத்தனை நாளும் நான் அவளையும் காப்பாற்றவில்லை, தூதர்களையும் காப்பாற்றவில்லை, என்னைத்தான். நான்காவது முடிவு தவறு.